பேரில்லாத ஐந்து நாட்கள்

அவருக்குக் கடவுள் நம்பிக்கை கிடையாது. ஆனால் கடவுள்களைப் பற்றிப் பேசாமல் ஒரு டீ கூடத் தொண்டையில் இறங்காது. சன்னதித் தெருவில் இருந்த ஒரு லாட்ஜில் அவர் மேனேஜர். வாசலைப் பார்த்து உட்கார்ந்தால் நேர் எதிரே கோபுரம் தெரியும். அதற்காகவே நாற்காலியைத் திருப்பிப் போட்டுக்கொண்டு உட்காருவார். ரூம் கேட்டு வருகிறவர்கள் முதலில் பார்ப்பது அவருடைய பிடரியைத்தான்.

"அவரு வேலைய அவரு பாக்கட்டும், என் வேலைய நான் பாக்குறேன். மூஞ்சிய மூஞ்சி பாத்துக்கிட்டே இருந்தா ரெண்டு பேருக்குமே வேலை ஓடாது" என்பார்.

ஊரே அவரை மேனேஜர் என்றுதான் கூப்பிட்டது. நானும் அப்படியே எழுதிவிட்டுப் போகிறேன். எழுபதுகளின் கடைசியில் நான் அந்த ஊர் ஆஸ்பத்திரியில் நர்ஸ். டூட்டி முடிந்து போகிற வழியில் லாட்ஜில் எனக்கு வேலை இருந்துகொண்டே இருக்கும். மலையைச் சுற்றவும் ஞானம் தேடவும் வருகிற வெளிநாட்டுக்காரர்கள் மூன்றாம் நாளே வயிற்றுப்போக்கில் விழுவார்கள். போய் ஊசி போடுவேன். "ஞானம் தேடி வர்றவங்க மொதல்ல கண்டுபுடிக்கிறது கக்கூஸைத்தான் சிஸ்டர்" என்று சொல்லிக்கொண்டே மேனேஜர் எனக்கு வெந்நீர் கொண்டுவந்து வைப்பார். ஆனால் ஊசியை எடுத்தால் அறையில் நிற்க மாட்டார். ஒரு தரம் அவர் காலில் துருப்பிடித்த ஆணி ஏறிவிட்டது. நான் ஊசியோடு போனேன். மனுஷன் மொட்டை மாடிக்கு ஏறிக் கதவைத் தாழ் போட்டுக்கொண்டார். "பகுத்தறிவு இருக்கறவன் ஊசிக்குப் பயப்படலாமா?" என்று கீழேயிருந்து கத்தினேன். "அது வேற டிபார்ட்மெண்ட் சிஸ்டர்!" என்று மேலேயிருந்து பதில் வந்தது.

இப்படிப்பட்டவரிடம்தான் அந்த மெக்சிகோக்காரன் வந்து சேர்ந்தான். அவன் ஊர் உண்மையில் மெக்சிகோவுக்குத் தெற்கே வேறொரு நாடு. அதன் பெயர் எங்கள் வாயில் நுழையவில்லை. ஆளைப் பார்த்தால் நம்மூர்ப் பையன்தான். மாநிறம், கறுகறுவென்று முடி. கீழ்பென்னாத்தூர் பஸ்ஸில் ஏறினால் கண்டக்டர் தமிழில்தான் டிக்கெட் கேட்பார். வந்த வாரமே டைபாய்டில் படுத்தான். எழுந்திருக்க ஒரு மாதத்துக்கு மேல் ஆயிற்று. மேனேஜர்தான் கஞ்சி காய்ச்சி ஊட்டினார்.

அவனிடம் ஒரு துணிப்பையில் சிவப்பு விதைகள் இருந்தன. அவன் மாமா ஊரில் நாள் எண்ணுகிறவராம். இன்றைக்கு என்ன நாள், விதைக்கலாமா, பெண் கேட்கப் போகலாமா என்று சனங்கள் வந்து கேட்பார்களாம். விதைகளைப் பரப்பி எண்ணி அவர் பதில் சொல்வாராம். மேனேஜர் விதையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பிறகு அவனைக் கைத்தாங்கலாகப் பின்பக்கம் கூட்டிப்போனார். கிணற்றடியில் ஒரு கல்யாண முருங்கை மரம். அடியில் அதே மாதிரி சிவப்பு விதைகள் உதிர்ந்து கிடந்தன. பையன் ஒன்றை உள்ளங்கையில் வைத்துக்கொண்டு அழுதான். டைபாய்டு பலவீனம் என்று நான் நினைத்துக்கொண்டேன்.

ஊருக்குப் போகும்போது படம் போட்ட ஒரு கனமான இங்கிலீஷ் புத்தகத்தை மேனேஜருக்குக் கொடுத்துவிட்டுப் போனான். ஆஸ்டெக், மாயா என்று அவன் பக்கத்துப் பழைய சனங்களையும் அவர்களுடைய சாமிகளையும் பற்றியது. இருக்கிற சாமிகளையே எத்தனை நாள்தான் திட்டுவது என்று சலித்துப்போயிருந்த மனுஷனுக்குப் புதிதாக ஒரு பட்டாளமே கிடைத்துவிட்டது.

அதற்கப்புறம் யார் எதைச் சொன்னாலும் அவர் மெக்சிகோவுக்குப் போய்விட்டுத்தான் திரும்புவார். யாராவது ஆடு வெட்டிப் பொங்கல் வைத்தோம் என்றால், "ஆடா? அங்க சூரியன் காலைல எந்திரிக்கணும்னாலே மனுஷ நெஞ்சு வேணும். நம்ம சாமிங்கல்லாம் ரொம்பக் கம்மியாக் கேக்குறாங்க" என்பார். அழுக்கைத் தின்னும் ஒரு பெண் தெய்வம் அங்கே உண்டாம். செய்த பாவத்தையெல்லாம் அவளிடம் சொன்னால் தின்று தீர்த்துவிடுவாளாம். ஆனால் ஆயுளுக்கு ஒரு தரம்தான். "அதனால எல்லாரும் கெழவனான பின்னாடிதான் போவாங்களாம் சிஸ்டர். புத்திசாலி ஜனம். நானும் காத்துக்கிட்டிருக்கேன்."

செத்தவர்களை ஆற்றைத் தாண்ட வைப்பது நாய் என்று படித்ததிலிருந்து லாட்ஜ் வாசலில் நாய்களுக்குத் தேர்வு நடந்தது. வெள்ளை நாய், இப்போதுதான் குளித்தேன், ஆற்றில் இறங்க மாட்டேன் என்று சொல்லிவிடுமாம். கறுப்பு நாய்க்கும் ஏதோ ஒரு சாக்கு உண்டு. செவலை நாய்தான் மறுபேச்சில்லாமல் முதுகில் ஏற்றிக்கொள்ளுமாம். அதனால் ஒரு செவலைக்கு மட்டும் தினமும் பொறை பிஸ்கட். "கடவுள் இல்லன்னா ஆறு மட்டும் எங்கேயிருந்து வந்துச்சு?" என்று கேட்டேன். "இருந்துட்டா?" என்றார்.

அந்த நாள் எண்ணும் கணக்குதான் அவரை நன்றாகப் பிடித்துக்கொண்டது. முதலை, காற்று, வீடு, பல்லி, பாம்பு, சாவு, மான், முயல் என்று இருபது பெயர்கள். கூடவே ஒன்று முதல் பதின்மூன்று வரை எண்கள். பெயர் ஒரு பக்கம் சுற்றும், எண் ஒரு பக்கம் சுற்றும். இருநூற்று அறுபது நாளில் ஒரு சுற்று முடியும். பிள்ளை வயிற்றில் இருக்கிற காலம் அதுதான் என்று பையனுடைய மாமா சொல்வாராம். எத்தனையோ பிரசவம் பார்த்தவள் நான். கணக்கு ஏறக்குறைய சரிதான்.

லாட்ஜ் வாசலில் 'ரூம் காலி இல்லை' என்று எழுதிப்போட ஒரு கரும்பலகை உண்டு. அதன் கீழ்ப்பாதியில் மேனேஜர் எழுத ஆரம்பித்தார். 'இன்று 7 மான். பயணம் நன்று.' மறுநாள், 'இன்று 8 முயல். மாமியார் வீட்டுக்குப் போகாதே.' அதற்கு மறுநாள், '9 தண்ணீர். குடை எடு.' பெயரும் எண்ணும் மெக்சிகோக்காரனுடையவை. பலன் முழுக்க மேனேஜரின் கைச்சரக்கு. எதிர் டீக்கடையில் ராகுகாலம், எமகண்டம் எழுதிப்போட்ட பலகையைக் கேலி செய்வதற்காகத்தான் இதையே தொடங்கினார்.

அவருடைய துரதிர்ஷ்டம், அன்றைக்கு மழை பெய்துவிட்டது.

'இன்று தெருவில் சண்டை' என்று எழுதினால் சண்டை நடந்தது. சன்னதித் தெருவில் என்றைக்குத்தான் சண்டை நடக்காமல் இருந்தது? ஆனால் சனங்களுக்கு அந்த யோசனை வரவில்லை. ஆறு மாதத்தில் பூக்கட்டுகிறவர்கள், பஸ் பிடிக்க ஓடுகிறவர்கள் எல்லாம் நின்று படித்துவிட்டுப் போனார்கள். கோயில் குருக்கள் ஒருவர் எதிர் வாடையிலேயே நடந்து, தலையைத் திருப்பாமல் கண்ணை மட்டும் திருப்பிப் படிப்பதை நானே பார்த்தேன். லாட்ஜ் வாசலில் ஜட்கா வண்டி நிறுத்தும் ஏழுமலை எழுத்துக் கூட்டி உரக்கப் படிப்பான், கையெழுத்துப் போட மட்டும் வராது. நாய் என்று போட்டிருந்தால் நல்ல சவாரி கிடைக்கும் என்று அவனாகவே ஒரு பலன் கண்டுபிடித்து வைத்திருந்தான்.

"டேய், இது சும்மா விளையாட்டுடா" என்பார் மேனேஜர்.

"தெரிஞ்சவங்க அப்டித்தான் சார் சொல்வாங்க" என்பான் ஏழுமலை.

மேனேஜருக்கு உள்ளூர ஒரே குஷி. "பாத்தீங்களா சிஸ்டர், ஒரு மதம் உண்டாக ஆறு மாசம் போதும். சாக்பீஸ் செலவுதான்" என்று என்னிடம் சொல்லிச் சொல்லிச் சிரிப்பார்.

அவருடைய கேலிக்குப் பின்னால் ஒரு காரணம் இருந்தது ஊருக்கே தெரியும். கல்யாணமான இரண்டாம் வருஷம் அவர் மனைவிக்குப் பிரசவ வலி கண்டது. வெள்ளிக்கிழமை, பத்தரை மணி. வண்டி வாசலில் வந்து நிற்கிறது. ராகுகாலம் கழியட்டும் என்று அவர் அம்மா சொல்லியிருக்கிறார். பன்னிரண்டுக்குக் கிளம்பினார்கள். தாயும் பிள்ளையும் வழியிலேயே போய்விட்டார்கள். அதற்கப்புறம் அவர் கல்யாணம் செய்துகொள்ளவில்லை. மனைவியின் பெயரை அவர் வாயால் சொல்லி யாரும் கேட்டதில்லை. ஒரே ஒரு தரம் என்னிடம் அதைப் பற்றிப் பேசினார். "எங்கம்மாவ எல்லாரும் திட்டுனாங்க. நானும்தான சிஸ்டர் கடியாரத்தப் பாத்துக்கிட்டு உக்காந்திருந்தேன்" என்றார்.

அடுத்த தீபத்தன்று நாங்கள் எல்லாரும் லாட்ஜ் மொட்டை மாடியில் இருந்தோம். ஏழுமலையும் அவன் பெண்டாட்டி கன்னியம்மாவும் வந்திருந்தார்கள். அவளுக்கு ஆறு மாதம். மலை உச்சியையே எல்லாரும் பார்த்துக்கொண்டிருக்க, மேனேஜர் தன் கச்சேரியை ஆரம்பித்தார்.

"அங்கயும் மலைமேல தீ ஏத்துவாங்க. அம்பத்திரண்டு வருஷத்துக்கு ஒரு தரம். ஊர்ல இருக்கற அடுப்பு, வெளக்கு எல்லாத்தையும் அணைச்சிடணும். சட்டி பானையெல்லாம் ஒடச்சிடணும். ஜனமெல்லாம் மாடில ஏறி இப்பிடித்தான் பாத்துக்கிட்டு நிக்கும். மேல ஒருத்தன் நெஞ்சத் தொறந்து அதுலதான் தீ மூட்டுவாங்க. பத்திக்கலன்னா உலகமே காலி."

"மாசமா இருக்கறவங்க?" என்றாள் கன்னியம்மா.

"உங்கள மொகமூடி போட்டுத் தானியக் குதிர்ல வச்சுப் பூட்டிடுவாங்க. தீ எரியலன்னா மிருகமா மாறி எங்களத் தின்னுடுவீங்களாம்."

கன்னியம்மா ஏழுமலையைப் பார்த்துச் சிரித்தாள். அந்த நேரம் உச்சியில் தீபம் எரிந்தது. ஊர் முழுக்க அரோகரா என்று எழும்பியது. மேனேஜர் பேச்சை நிறுத்தினார். கை கூப்பவில்லை, ஆனால் எழுந்து நின்றார். நான் பார்ப்பதைப் பார்த்துவிட்டு, "கால் மரத்துப்போச்சு" என்றார்.

மாசி மாதம் ஒரு காலை, டூட்டிக்குப் போகும்போது பலகையைப் பார்த்தேன். பெரிய எழுத்தில் இருந்தது. 'இன்று முதல் ஐந்து நாள் பேரில்லாத நாட்கள். எதையும் தொடங்காதே. இதில் பிறக்கும் பிள்ளை எதற்கும் உதவாது.'

"இது என்ன புதுசா?" என்றேன்.

"அவங்களுக்கு இன்னொரு கணக்கு இருக்குது சிஸ்டர். இருபது இருபதா பதினெட்டு மாசம். மிச்சம் அஞ்சு நாள் நிக்குமில்ல, அதுக்குப் பேரும் கெடையாது, சாமியும் கெடையாது. யாரும் வெளிய தலை காட்ட மாட்டாங்க. அதுல பொறந்தா உதவாக்கரைன்னே பேரு வச்சிடுவாங்க. நம்மூர்ல குப்பம்மான்னு வைக்கிறதில்ல? நான்கூட அப்பிடி ஒரு நாள்லதான் பொறந்திருப்பேன்."

அவர் சிரித்தார். நானும் சிரித்துவிட்டுப் போனேன். அந்தச் சிரிப்பை நினைத்தால் இன்றும் எனக்கு உடம்பு கூசுகிறது.

மூன்றாம் நாள் மத்தியானம் கன்னியம்மாவைக் கொண்டுவந்தார்கள். முகம், கால் எல்லாம் வீக்கம். தலைவலி, கண் மங்குகிறது என்றாள். பிரஷர் பார்த்துவிட்டு டாக்டரம்மா என்னைத் தனியாகக் கூப்பிட்டார். வலிப்பு வருவதற்குள் பிள்ளையை எடுத்தாக வேண்டும், ரத்தம் தேவைப்படும், புருஷனிடம் கைநாட்டு வாங்கு என்றார். நான் ஃபாரத்தையும் மைப்பெட்டியையும் எடுத்துக்கொண்டு போனேன். ஏழுமலை கையைப் பின்னால் கட்டிக்கொண்டான்.

"நாளன்னிக்கு வரைக்கும் போவட்டும் நர்சம்மா. அதுக்கப்பறம் இன்னா வேணா பண்ணிக்குங்க."

"ஏன்டா?"

"போர்டுல போட்டிருக்குது. பேரில்லாத நாளு."

அது விளையாட்டு என்றேன், திட்டினேன், கெஞ்சினேன். அவன் அழுதான், ஆனால் கையை முன்னால் கொண்டுவரவில்லை. ஆஸ்பத்திரி போனிலிருந்து லாட்ஜுக்குப் பேசினேன். விஷயத்தைச் சொன்னதும் மறுமுனையில் ரிசீவர் எதிலோ இடிபடுகிற சத்தம் மட்டும் கேட்டது.

கால் மணி நேரத்தில் வந்துவிட்டார். காலில் செருப்பில்லை. கக்கத்தில் அந்தக் கரும்பலகை. வராந்தாவில் ஏழுமலை முன்னால் அதைப் போட்டார்.

"டேய், இது பொய்டா. நானா எழுதுனேன். டீக்கடைக்காரனக் கிண்டல் பண்ண எழுதுனேன். இந்தா பாரு." சட்டையாலேயே பலகையை அழித்தார். சட்டை முழுக்கச் சாக்பீஸ் தூள். "போதுமா? கைநாட்டு வை."

ஏழுமலை அழித்த பலகையைப் பார்த்தான். "எழுத்தத்தான் சார் அழிச்சீங்க. நாள எப்பிடி அழிப்பீங்க?"

மேனேஜர் அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டார். உள்ளே கன்னியம்மா முனகுவது கேட்டது. அவர் சுவரில் இருந்த கடிகாரத்தை ஒரு தரம் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

"ரத்தம் வேணும்னீங்களே சிஸ்டர். யாரு குடுக்குறாங்க?"

"யாரும் இல்ல. சொந்தக்காரங்க எல்லாம் ஓடிட்டாங்க."

அவர் எழுந்தார். குரலை மாற்றிக்கொண்டு, நான் கேட்டே இராத ஒரு பூசாரிக் குரலில் ஏழுமலையிடம் சொன்னார். "நாளத் தொறக்க ஒரு வழி இருக்குது. யார்கிட்டயும் சொல்லக் கூடாதுன்னு வச்சிருந்தேன். அந்த ஊரு ராஜாவுங்க நாள் கெட்டுப்போனா தன் நாக்குலயே முள்ளக் குத்தி, ரத்தத்தத் தாள்ல சொட்டவிட்டு எரிப்பாங்க. பொகை மேல போனா சாமி எறங்கி வரும். போர்டு எழுதுனவன் நானு. நான்தான் குடுக்கணும்."

"நாக்குலயா சார்?" என்றான் ஏழுமலை.

"கையும் செல்லும்" என்றார் அவசரமாக.

ரத்தப் பிரிவு பார்க்க எப்படியும் விரலில் குத்தத்தான் வேண்டும். லேப்காரரைக் கூப்பிட்டேன். ஆணிக்கு ஊசி போட வந்தபோது மொட்டை மாடிக்கு ஓடின ஆள், கண்ணை இறுக மூடிக்கொண்டு கையை நீட்டினார். லேப்காரர் எடுத்துக்கொண்டது போக ஒரு சொட்டைப் பழைய கேஸ் ஷீட் ஒன்றில் வைத்து, ஏழுமலையின் தீப்பெட்டியை வாங்கி வராந்தாவிலேயே கொளுத்தினார்.

"என்ன கூத்து இது?" என்று டாக்டரம்மா வெளியே வந்தார்.

"அஞ்சு நிமிஷம்மா. கைநாட்டு வந்துடும்" என்றேன். எத்தனையோ பேருக்கு மூடநம்பிக்கை கூடாது என்று புத்தி சொன்ன நானே அந்தப் புகைக்குக் காவல் நின்றேன்.

காகிதம் எரிந்தது. புகை ஓட்டுக் கூரையில் முட்டி, வேப்பமரத்துப் பக்கம் போனது. ஏழுமலை அது போகிற வரைக்கும் அண்ணாந்து பார்த்துவிட்டுக் கன்னத்தில் போட்டுக்கொண்டான். பிறகு கட்டைவிரலை நீட்டினான்.

மேனேஜரின் பிரிவு கன்னியம்மாவுக்குப் பொருந்தியது. ஒரு பாட்டில் எடுத்தோம். பாதியில் என்னைக் கூப்பிட்டார். "சிஸ்டர், அந்த வெள்ளிக்கிழம நெஜத்தச் சொல்ல எனக்கு வாய் வரல. இன்னிக்கு நெஜத்தச் சொன்னேன், எடுபடல." அதற்குமேல் பேசாமல் மயங்கிவிட்டார். ஊசிக்குப் பயந்த மயக்கம்தான், பாட்டில் நிறைகிறவரை கையை மட்டும் இழுத்துக்கொள்ளவில்லை.

பிள்ளை பிழைத்தது. பெண். கன்னியம்மாவும் பிழைத்தாள், இரண்டு நாள் எங்களைத் தூங்கவிடவில்லை. ஏழுமலை பெஞ்சில் படுத்திருந்த மேனேஜரின் காலைப் பிடித்துக்கொண்டு விடவே இல்லை. பேரில்லாத நாளில் பிறந்ததால் நீங்கள்தான் ஒரு பேர் வைக்க வேண்டும் என்றான். அவர் எழுந்து உட்கார்ந்தார்.

"பச்சையம்மா" என்றார்.

"அம்மன் பேருங்களா சார்?"

"அம்மன் பேரில்லடா. ஒரு பொம்பள பேரு."

எனக்கு அப்போதுதான் புரிந்தது. முகத்தைத் திருப்பிக்கொண்டு டிரேயை எடுத்துக்கொண்டு போனேன்.

அதற்கப்புறம் பலகையில் 'ரூம் காலி இல்லை' தவிர வேறெதையும் அவர் எழுதவில்லை. அதனால் பிரயோசனமில்லை. ஒவ்வொரு மாசியிலும் ஏழுமலை குடும்பத்தோடு வந்து அந்தப் பலகைக்குக் குங்குமம் வைத்துத் தேங்காய் உடைப்பான். மேனேஜர் கத்துவார், பலகையை அடுப்பில் தூக்கிப் போடப்போவதாக மிரட்டுவார். பிறகு பெரிய மூடியாகப் பார்த்து எடுத்துக்கொள்வார். செவலைக்கும் ஒரு துண்டு போகும்.

எண்பதுகளின் நடுவில் எனக்கு வேலூருக்கு மாற்றலாயிற்று. சொல்லிக்கொள்ள லாட்ஜுக்குப் போனேன். நாற்காலி நேராகப் போடப்பட்டிருந்தது. கோபுரத்தைப் பார்த்து உட்கார்ந்திருந்தார்.

"என்ன மேனேஜர், வயசானதும் சரணாகதியா? ஊர்ல எல்லாரும் அப்பிடித்தான் பேசிக்கிறாங்க."

"அவர யாரு பாத்தா?" என்று தெருவைக் காட்டினார். வாசலில் ஜட்கா வண்டிக்கு அடியில் ஒரு குட்டிப்பெண் உட்கார்ந்து, துண்டு சாக்பீஸால் தரையில் எதையோ கிறுக்கிக்கொண்டிருந்தாள்.

"பச்சையம்மா!" என்று தெருவே திரும்பும்படி கூப்பிட்டார்.

அவள் ஓடி வந்து, "இன்னா?" என்றாள்.

"ஒண்ணும் இல்ல. போய் வெளையாடு."

நான் கிளம்பி, தெருமுனை திரும்புவதற்குள் இன்னும் இரண்டு தரம் கூப்பிட்டார்.